மாப்பிள்ளைக் குதிரையும் மைக்செட்டும்

எங்கள் பக்கம் மைக்செட் இல்லாமல் ஒரு நல்ல காரியமும் நடக்காது. பிள்ளைக்குக் காது குத்தினாலும், தெருவுக்குப் புது டிரான்ஸ்பார்மர் வந்தாலும், ஒருவர் துபாயிலிருந்து முழு உடம்போடு திரும்பி வந்தாலும், முதலில் குழாய் ஸ்பீக்கரைக் கட்டிவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார்கள். அந்தக் குழாய்க்குள் பேசிச் சாப்பிட்டவன் நான். பள்ளிக்கூடத்தில் இருந்தது கொஞ்ச காலம்தான். பேச்சைப் படித்தது டவுண் பஸ்ஸிலும் டீக்கடை பெஞ்சிலும். யார் வாயிலிருந்தாவது ருசியாக ஒரு சொல் விழுந்தால் பொறுக்கி வைத்துக்கொண்டு, அடுத்த ஊர்க் கோயில் கொடையில் என் சொந்தச் சரக்கு மாதிரி மைக்கில் எடுத்து விடுவேன். சொன்னவரே கூட்டத்தில் நின்று கைதட்டியிருக்கிறார்.

எனக்குப் பேர் வாங்கித் தந்தது குதிரை வண்டிப் பந்தயம். திசையன்விளைப் பக்கம் செம்மண் ரோட்டிலும், உவரி போகிற கடற்கரை ரோட்டிலும் வண்டிகள் பறக்கும்போது, பக்கத்திலேயே ஜீப்பில் நின்றுகொண்டு நான் பேசிக்கொண்டே போவேன். கொடி அசைவதற்கு முன்னால் "அன்பார்ந்த பெருமக்களே!" என்று ஒரு இழுப்பு இழுப்பேன். அந்த இழுப்பு முடிகிற இடத்தில்தான் கொடி விழும். சாரதிகள் கொடியைப் பார்ப்பதைவிட என் வாயைப் பார்ப்பது அதிகம்.

அந்த ரோடுகளில் வருஷக்கணக்காக முதல் கொடி வாங்கியது அண்ணாச்சியின் குதிரை. நெற்றியில் வெள்ளை விழுந்த சிவப்புக் குதிரை. அண்ணாச்சிக்கு டவுணில் மொத்தப் பலசரக்குக் கடை. வீடும் தோட்டமும் பாளையங்கோட்டைக்குக் கிழக்கே, ஆற்றை ஒட்டி. அதிகம் பேசாத மனிதர். அவருக்கும் சேர்த்து நான் பேசியதால் எங்களுக்குள் நல்ல சேர்த்தி. குதிரையை ஆற்றில் குளிப்பாட்டும்போது மட்டும் அவர் வாய் திறப்பார். என்ன பேசுவார் என்று தெரியாது. கிட்டே போனால் நிறுத்திக்கொள்வார்.

ஒரு பந்தயத்தில் குதிரைக்கு முன்னங்கால் நரம்பு வீங்கிப்போனது. கால்நடை டாக்டர் வந்து தடவிப் பார்த்துவிட்டு, "இனி வண்டியில கட்டாதீங்க. மத்தபடி ஆளு ஜம்முனு இருக்கான்" என்றார்.

எங்கள் ஊரில் ஓய்வு பெற்றவர்கள் சங்கம் தொடங்குவார்கள்; இல்லையென்றால் பக்கத்து வீட்டுக்காரன் சுவரை அளப்பார்கள். குதிரைக்கு இரண்டும் முடியாது. அதனால் எங்கள் ஓய்வு பெற்ற தலைமையாசிரியர்தான் ஒரு வழி சொன்னார். "இந்தக் குதிரையோட ஓட்டம் இதோட நின்னுரக் கூடாது. இதோட வாரிசு ஓடணும். நாலு ஊர்ப் பெட்டைக் குதிரைகளை வரவழைப்போம்."

அண்ணாச்சி தலையாட்டினார். மறுநாளே ஆற்றுப்பாலம் ஏறும் இடத்தில் பேனர் நின்றது. குதிரைக்கு மாலை போட்டு, நெற்றியில் சந்தனப் பொட்டு வைத்து, பின்னால் மலையும் அருவியுமாக ஒரு படம். சுற்றிலும் கும்பிட்ட கையோடு எங்கள் ஆட்கள் முகம். இதில் மாப்பிள்ளை யார் என்று வெளியூர்க்காரன் திகைத்துப் போவான். தலைமையாசிரியர் பெரிதாகச் சிரித்தபடி இருந்தார். நான் மைக்கோடு இருந்தேன். குதிரை எங்களுக்கு நடுவில் கொஞ்சம் ஒதுங்கி நின்றது.

அன்றிலிருந்து அதற்குப் பெயர் மாப்பிள்ளை. பந்தயத்துக்குப் போனபோது கொள்ளும் புல்லும் தின்றது. மாப்பிள்ளை ஆனதும் பார்க்க வருகிறவர்கள் வெறுங்கையோடு வருவதில்லை. வாழைப்பழம், வெல்லம், கேரட். பூர்வீகமும் வந்து சேர்ந்தது. அதன் பாட்டனார் வடக்கே ஒரு அரண்மனையில் பல்லக்குக்கு முன்னால் போனவர் என்று தலைமையாசிரியர் எந்தக் கூச்சமும் இல்லாமல் சொன்னார்.

"சார், குதிரைய அண்ணாச்சி சந்தையிலல்லா புடிச்சாரு?" என்றேன்.

"சந்தைக்கு அது எங்கேருந்து வந்துச்சு? அதச் சொல்லும் முதல்ல" என்றார்.

முதலில் திசையன்விளையிலிருந்து ஒரு பெட்டைக் குதிரை வந்தது. வந்தது குட்டியானை என்று நாங்கள் சொல்லும் சின்ன லாரியில். பெண் வீட்டாரை வரவேற்கப் பந்தல் போட்டு, வரிசையாக பிளாஸ்டிக் நாற்காலி போட்டு, தென்னைமரத்தில் குழாய் கட்டியிருந்தது. தலைமையாசிரியர் தலைமை. அண்ணாச்சி மாப்பிள்ளைக்குப் பொன்னாடை போர்த்தினார். நான் மைக்கைப் பிடித்து "அன்பார்ந்த பெருமக்களே!" என்று என் இழுப்பை இழுத்தேன்.

மாப்பிள்ளை காதை நிமிர்த்தினான். முன்னங்காலால் மண்ணைப் பறித்தான். பக்கத்தில் பெண் குதிரை நிற்பதையே பார்க்காமல் கேட்டுக்கு வெளியே ரோட்டைப் பார்த்து ஒரு திமிறு திமிறினான். கயிற்றைப் பிடித்திருந்தவர் கூடவே போய்விட்டார். பொன்னாடை கேட்டில் மாட்டிக்கொண்டது. சாயங்காலம் வரை நான் பேசிப் பார்த்தேன். தலைமையாசிரியர் பேசிப் பார்த்தார். மாப்பிள்ளை ரோட்டிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"வெக்கம்வே" என்றார்கள். "மாப்பிள்ளை முறுக்கு" என்றார்கள். தொழுவத்தின் வாசல் தெற்கே பார்ப்பதுதான் தோஷம் என்று ஒருவர் சொல்ல, சுவரை இடித்து வாசலைக் கிழக்கே வைத்தோம். பூசணிக்காய் உடைத்தோம். பெண் வீட்டாருக்கு மரியாதை போதவில்லையோ என்று தோன்றி, இரண்டாவது பெட்டை உவரியிலிருந்து வந்தபோது இன்னும் இரண்டு குழாய் கூட்டிக் கட்டினோம். அதை அழைத்து வந்தவர் படகு வைத்திருக்கிறவர். பந்தலையும் குழாயையும் சுற்றிப் பார்த்துவிட்டு, "மாதா தேருக்குக்கூட எங்கூர்ல இவ்வளவு கட்டமாட்டோமே" என்றார். அதையும் நாங்கள் புகழ்ச்சியாகவே எடுத்துக்கொண்டோம். அன்றைக்கும் அதே கதைதான். இந்த முறை கயிற்றை மூன்று பேர் பிடித்திருந்தார்கள். மூன்று பேரும் போனார்கள்.

டாக்டரைக் கூட்டி வந்தோம். முழுவதும் பார்த்துவிட்டு, "இவனுக்கு ஒரு குறையும் கிடையாது" என்றார்.

ஊர் அதை நம்பவில்லை. ஒரு குறையும் இல்லை என்று டாக்டர் சொன்னால், பெரிய குறை, அதை மறைக்கிறார்கள் என்று அர்த்தம்.

இங்கே மதினியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அண்ணாச்சியின் வீட்டுக்காரி, நான் மதினி என்றுதான் கூப்பிடுவேன். அவர்களுக்குப் பிள்ளை இல்லை. கல்யாணமான புதிதில் பால்காரர், கீரைக்காரி, கோயிலில் பக்கத்தில் நிற்பவள் என்று ஆள் மாற்றி ஆள், விசேஷம் உண்டா, விசேஷம் உண்டா என்று அந்த வாசலில் கேட்டிருக்கிறார்கள். பெரிய டாக்டர்களெல்லாம் பார்த்து, இரண்டு பேருக்கும் ஒரு குறையும் இல்லை என்றுதான் சொன்னார்களாம். தலை நரைக்க நரைக்கத்தான் கேள்வி நின்றது. அந்த வீட்டில் அமைதி என்று ஒன்று வந்து சில வருஷம்தான் ஆகியிருந்தது. இப்போது அதே வாசலில், அதே ஆட்கள், குதிரைக்காகக் கேட்க ஆரம்பித்தார்கள்.

"மாப்பிள்ளை கதை என்னாச்சு? ஒண்ணும் தங்கலையா?"

"எந்த டாக்டர்ட்ட காட்டுதீங்க?"

"மதுரையில ஒருத்தர் இருக்காரு. போயிப் பாருங்களேன்."

ஒருநாள் நாங்கள் மூன்றாவது சம்பந்தம் பேசிக்கொண்டிருந்தபோது மதினி காப்பியை வைத்துவிட்டு நின்றாள். வழக்கமாக நிற்க மாட்டாள்.

"கடக்கரையில பிள்ளையள குதிரையில ஏத்தி போட்டா எடுக்கானே, அவன்ட்ட சொல்லியிருக்கேன். வாற வெள்ளிக்கிழமை வருவான். குதிரைய ஓட்டிட்டுப் போகட்டும்."

அண்ணாச்சி காப்பித் தம்ளரைக் கீழே வைத்தார். அந்தக் கடற்கரைக் குதிரைகளை நாங்கள் பார்த்திருக்கிறோம். பிடரி மயிருக்கு ரோஸ் கலர் சாயம், தலையில் பிளாஸ்டிக் மயிலிறகு, கழுத்தில் சலங்கை. வெயிலில் ஒரே இடத்தில் நின்று நின்று கண் செத்துப்போன குதிரைகள்.

"ஏன் திடீர்னு?" என்றார் அண்ணாச்சி.

"திடீர்னு இல்ல. எனக்குக் காது வலிக்கி" என்றாள் மதினி.

அண்ணாச்சி எழுந்து வாசல் பக்கம் போனார். பிறகு, "இன்னும் ஒரே ஒரு தடவ பாக்கேன். அதுவும் சரிவரலைன்னா நானே கயித்த அவுத்துக் குடுக்கேன்" என்றார். அதைச் சொல்லும்போது அவர் மதினியைப் பார்க்கவில்லை. தொழுவத்தைப் பார்த்துச் சொன்னார்.

அந்த ஒரே தடவைக்கு வாய்த்தது மேலப்பாளையத்துப் பாய். டயர்க் கடை வைத்திருக்கிறவர். ஒரே ஒரு சாம்பல் நிறப் பெட்டை வைத்து பந்தயத்தில் சின்னக் குதிரைப் பிரிவில் ஓட்டியவர். அதற்கும் வயது ஏறிக்கொண்டிருந்தது. புதன்கிழமை காலையில் குட்டியானையிலிருந்து அதைத் தடவிக் கொடுத்து இறக்கினார். குழாய்களை அண்ணாந்து பார்த்தார்.

"என்ன அண்ணாச்சி, எலெக்சன் வந்துட்டா?"

"விசேஷம்லா பாய். சும்மா செய்யப்புடாதுல்லா" என்றார் அண்ணாச்சி.

"நாங்க நிக்காஹ்வயே சுருக்கமா முடிச்சிட்டு பிரியாணிக்குப் போயிருவோம். சரி, அல்லா லேசாக்கட்டும். நடத்துங்க."

அன்று நாங்கள் எதையும் குறைக்கவில்லை. வெள்ளிக்கிழமைக்கு ஒருநாள்தான் இடைவெளி. இருக்கிற குழாய் போதாது என்று பெரிய பாக்ஸ் ஸ்பீக்கர் இரண்டும் கொண்டுவந்து, ஒன்றை மாப்பிள்ளைக்கு இந்தப் பக்கமும் ஒன்றை அந்தப் பக்கமும் வைத்தோம். ஊர் முழுவதும் வந்திருந்தது. பாதிப்பேர் குதிரை வம்சம் தழைக்க வந்தவர்கள். மீதிப்பேர் இந்தத் தடவையும் தழைக்காது என்பதை நேரில் பார்க்க வந்தவர்கள். சமையல் பந்தலில் சாம்பார் கொதித்தது.

நான் என் இழுப்பை இழுத்தேன். மாப்பிள்ளை காதை நிமிர்த்தினான். முன்னங்கால் மண்ணைப் பறித்தது. கயிற்றை இந்த முறை வேப்பமரத்தில் கட்டியிருந்ததால் மரம் ஆடியது. பாயின் பெட்டை பாவம், பக்கத்தில் நின்று தன்னால் ஆனமட்டும் வாலை ஒதுக்கிக் காட்டிக்கொண்டிருந்தது. மாப்பிள்ளை கேட்டைப் பார்த்தபடியே நின்றான்.

"விடாதயும்வே, இன்னும் சத்தமா!" என்றார் தலைமையாசிரியர். நானும் சத்தத்தை ஏற்றினேன். இந்தக் குதிரை வாங்கிய கொடிகளை ஊர் ஊராகச் சொன்னேன். ஒவ்வொரு ஊர்ப் பேருக்கும் மாப்பிள்ளை ஒரு திமிறு திமிறினான். வேர்வை வழிந்தது. அண்ணாச்சி அதன் கழுத்தில் கை வைத்து, "பைய, பைய" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

பிறகு தலைமையாசிரியர் மைக்கை வாங்கினார். "இன்றைக்கு இந்த வீட்டில் எல்லோரும் எதிர்பார்க்கிற அந்த நல்ல செய்தி..." என்று தொடங்கினார். ஒன்றும் இல்லாமல் போனால் அந்த வீட்டுக்கு எவ்வளவு மனக்கஷ்டம் என்று விளக்கினார். பல வருஷம் காத்திருப்பவர்களின் வேதனை என்ன என்று விளக்கினார். அவர் குதிரையைப் பற்றித்தான் பேசினார். மாடியில் நின்ற பெண்கள் எல்லோரும் குதிரையைப் பார்க்காமல் மதினியைப் பார்த்தார்கள். மதினி உள்ளே போனாள்.

மைக் செத்துப்போனது.

குழாய் இல்லை, பாக்ஸ் இல்லை. தலைமையாசிரியரின் வாய் மட்டும் அசைந்தது. நான் மைக்கைத் தட்டிப் பார்த்தேன், ஊதிப் பார்த்தேன். "கரண்ட் போயிட்டுடே" என்று யாரோ சொன்னார்கள். மைக் இல்லாத கூட்டத்தில் எங்கள் ஊரில் எவனும் உட்கார மாட்டான். ஒருவர் எழுந்து பந்தியைப் பார்த்து நடந்தார். அவ்வளவுதான், மொத்தக் கூட்டமும் இலைக்கு ஓடியது. தலைமையாசிரியரும் முக்கால்வாசி வாக்கியத்தை அப்படியே விட்டுவிட்டு ஓடினார். முதல் பந்தியில்தான் அப்பளம் நொறுங்காமல் கிடைக்கும்.

முற்றத்தில் மிஞ்சியது அண்ணாச்சி, பாய், நான், இரண்டு குதிரைகள். ஆற்றுப் பக்கமிருந்து காற்று வருகிற சத்தம் அப்போதுதான் கேட்டது.

மாப்பிள்ளை கொஞ்ச நேரம் கேட்டைப் பார்த்தபடி நின்றான். காது ஒன்று தளர்ந்தது. பிறகு மற்றதும் தளர்ந்தது. பெரிதாக ஒரு மூச்சு விட்டான். கழுத்தைத் திருப்பினான். பக்கத்தில் ஒரு பெட்டை நிற்பதை வாழ்க்கையில் முதல் தடவையாகப் பார்ப்பது மாதிரி பார்த்தான்.

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். பாய் என் வாயைப் பொத்தினார். டயர் கழற்றுகிற கை. எனக்கு மூச்சு முட்டியது.

"மூச்சு விடாதயும் ஓய்" என்றார் காதுக்குள்.

அண்ணாச்சி கயிற்றை அவிழ்த்துவிட்டார். நடக்க வேண்டியது, பந்தியில் ரசம் வருவதற்குள் நடந்து முடிந்தது. பார்க்க வந்த ஊரில் ஒருவர்கூடப் பார்க்கவில்லை.

பாய் கையை எடுத்ததும் நான் சொன்ன முதல் வார்த்தை, "நல்ல நேரத்துல கரண்ட் போச்சு" என்பதுதான்.

"கரண்ட் எங்கவே போச்சு?" என்றார் பாய். "இந்தா, அண்ணாச்சி வீட்டுக்குள்ள பேன் ஓடுது."

திரும்பிப் பார்த்தால் கூடத்தில் மின்விசிறி ஜோராகச் சுற்றிக்கொண்டிருந்தது. அதன் கீழே மதினி உட்கார்ந்திருந்தாள். மடியில் வெள்ளைப் பீங்கானில் ஒரு பியூஸ் கட்டை.

"தோட்டத்து பீஸ நாந்தான் புடுங்குனேன்" என்றாள், நாங்கள் கேட்கும் முன்னாலேயே. "எனக்குக் குதிரையும் தெரியாது, கழுதையும் தெரியாது. உங்க வாயும் தலைமை வாத்தியாரு வாயும் நிக்கணும். அவ்வளவுதான் நெனச்சேன்."

அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. அந்தக் குதிரைக்கு என் குரல் என்றால் ரோடு. நான் இழுத்தால் கொடி விழும், கொடி விழுந்தால் ஓட வேண்டும். அதைப் பழக்கியது நாங்கள்தான். பழக்கிவிட்டு, அதே இழுப்பை இழுத்து, கட்டிப் போட்டு, ஏன் ஓடப் பார்க்கிறாய், இங்கே பார் என்றால் அது என்ன செய்யும்? அதற்கு வாஸ்து பார்த்தோம், பூசணிக்காய் உடைத்தோம். என் வாயைச் சந்தேகப்பட ஊரில் ஒருவனுக்கும் தோன்றவில்லை. எனக்குத் தோன்றாதது பெரிய ஆச்சரியம் இல்லை.

வெள்ளிக்கிழமை கடற்கரைக்காரர் சின்ன லாரியோடு வந்து நின்றார். கையில் புதுச் சலங்கை. அன்றைக்கு பெட்டை சினைப்பட்டதா இல்லையா என்று யாருக்கும் தெரியாது. அது தெரிய நாள் செல்லும். அண்ணாச்சி கேட்டு வாங்கிய ஒரே தடவையில் பாதிதான் முடிந்திருந்தது. அண்ணாச்சி குளிக்கிற மாதிரி குளியலறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டார். தண்ணீர் விழும் சத்தமே இல்லை.

மதினிதான் கேட்டுக்குப் போனாள். நான் பின்னால் நின்றேன்.

"குதிரை குடுக்கிறதுக்கு இல்ல."

"என்னக்கா, நீங்கதான வரச் சொன்னீங்க?"

"ஆமா. நாந்தான் வரச் சொன்னேன். நாந்தான் போகச் சொல்லுதேன்."

"குட்டி தங்கிட்டா?"

மதினி அவரை ஒரு பார்வை பார்த்தாள். மனிதர் சலங்கையைச் சத்தம் வராமல் மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு வண்டியைத் திருப்பினார்.

"தங்காமப் போனா, மதினி?" என்றேன்.

அவள் தொழுவத்தைப் பார்த்தபடி சொன்னாள்: "தங்காமப் போனா இருந்துட்டுப் போகுது. அதுக்கு ஒரு குறையும் இல்லன்னு டாக்டரு சொன்னாருல்லா? சொன்னதுக்கப்புறமும் விட்டீங்களா நீங்க? அது பாட்டுக்கு ரோட்டப் பாத்துட்டு நின்னுருக்கு. எல்லாருமாச் சேந்து இல்லாத குறைய அது தலையில ஏத்துனீங்க. நானும்தான் ஏத்துனேன்."

உள்ளே குளியலறைத் தாழ் திறக்கும் சத்தம் கேட்டது.

சினை தங்கியது. செய்தி பரவியதும் திசையன்விளைக்காரர் மறுபடி வந்தார், உவரிக்காரரும் வந்தார். மாப்பிள்ளைக்கு இப்போது நல்ல கிராக்கி. பந்தல் கிடையாது, பொன்னாடை கிடையாது. பேனரை மதினி கழற்றிக் கோழிக்கூட்டுக்கு மேலே மூடியிருக்கிறாள். மழை பெய்தால் தலைமையாசிரியர் நனைகிறார். பெட்டைக் குதிரை வருகிற நாளில் நான் பாலத்துக்கு இந்தப் பக்கமே நின்றுகொள்ள வேண்டும் என்பது கட்டளை. ஊரில் எத்தனையோ பேர் கஷ்டப்பட்டு வம்சத்தை வளர்க்கிறார்கள். நான் வாயை மூடிக்கொண்டு வளர்க்கிறேன்.

குட்டி மறுவருஷம் பிறந்தது. மேலப்பாளையத்திலிருந்து பாய் விடிந்ததும் விடியாததுமாகப் பேரீச்சம்பழப் பெட்டியோடு வந்தார். அண்ணாச்சி வாசலில்தான் நின்றார். பாய் அவரைத் தாண்டி உள்ளே போய், பெட்டியை மதினி கையில் கொடுத்தார்.

"தங்கச்சி, உங்களுக்குத்தான் முதல்ல சொல்லணும்னு ஓடியாந்தேன். ஆம்பளைக் குட்டி. நெத்தியில வெள்ளை, அப்படியே உங்க வீட்டுச் சாயல்."

மதினி பெட்டியைப் பிடித்தபடி நின்றாள். அந்த வாசலுக்கு எத்தனையோ பேர் கேள்வியோடு வந்திருக்கிறார்கள். செய்தியோடு வந்தவர் இவர்தான். என்ன செய்வதென்று அவளுக்குத் தெரியவில்லை. பிறகு, "தாய்க்காரி நல்லாருக்காளா? பால் இறங்கிட்டா?" என்று கேட்டாள். கேட்டுக்கொண்டே செருப்பைத் தேடினாள்.

எல்லோருமாக ஆட்டோ பிடித்து மேலப்பாளையம் போனோம். பாயின் வீட்டுச் சந்து முனையில் மதினி என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"நீங்க இங்கனயே நில்லுங்க கொழுந்தனாரே. பச்சப்பிள்ள."

நின்றேன். அவர்கள் உள்ளே போனார்கள். கொஞ்ச நேரத்தில் உள்ளிருந்து சிரிப்புச் சத்தம் வந்தது. மதினி அப்படிச் சிரித்து நான் கேட்டதில்லை. எதிர்த்த டீக்கடையில் இருந்தவர் எட்டிப் பார்த்துவிட்டு என்னிடம், "உள்ள என்னவே சத்தம்?" என்று கேட்டார்.

சொல்வதற்கு எவ்வளவோ இருந்தது. நல்ல நல்ல வார்த்தையெல்லாம் நாக்கு நுனியில் வந்து வரிசையாக நின்றது. ஒரு டீ சொல்லிவிட்டுப் பேசாமல் உட்கார்ந்துகொண்டேன்.